மாரிஸ் டர்ன்புல்: ஆட்டக்களம், கணக்கேடு, போர்க்களம்

இரண்டாம் உலகப்போரில் மாண்ட கிரிக்கெட் வீரர்களைப் பற்றிய எழுத்துகள், ஆட்டக்களத் தலைமையைப் போர்க்களத் தலைமைக்கான பயிற்சியாகக் காட்டுவது வழக்கம். மாரிஸ் டர்ன்புல்லின் (1906–1944) வாழ்வு அவ்வாய்பாட்டில் அடங்குவதன்று.

கார்டிஃபில் பிறந்த அவர், 1929இல் கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழக அணிக்குத் தலைமை தாங்கினார். 1930இல் கிறைஸ்ட்சர்ச்சில் நியூசிலாந்துக்கு எதிராக ஆடி, கிளமார்கன் அணியிலிருந்து இங்கிலாந்துக்காக டெஸ்ட் ஆடிய முதல் வீரரானார். இங்கிலாந்துக்குக் கிரிக்கெட்டும் வேல்சுக்கு ரக்பியும் ஆடியவர் அவர் ஒருவரே. இச்சிறப்பே மீண்டும் மீண்டும் பேசப்படுவதால் பிறிதொன்று மறைந்துபோகிறது. நிலக்கரித் தொழில் நலிந்து தென்வேல்சு வறுமையுற்றிருந்த 1930களில், கடன்பட்டுத் தள்ளாடிய கிளமார்கன் கழகத்திற்கு அவர் அணித்தலைவராக மட்டுமன்றிச் செயலாளராகவும் இருந்தார். பொருளாளர் ஜானி கிளேயுடன் இணைந்து, நடன நிகழ்ச்சிகள்கூட நடத்தி நிதி திரட்டினார். ஒன்பது டெஸ்ட் ஆட்டங்களின் ஓட்டக் கணக்கைவிட இவ்வுழைப்பே எடைமிக்கது எனலாம்.

போர்க்காலத்தில் வெல்ஷ் கார்ட்ஸ் படைப்பிரிவில் சேர்ந்து மேஜரானார். 1944 ஆகஸ்டு 5 அன்று, நார்மண்டியில் மோன்ஷாம் சிற்றூரருகே செருமானியக் கவச வண்டிகளைத் தடுக்க முயன்றபோது சுடப்பட்டு இறந்தார். அகவை 38.

1948இல் கிளமார்கன் முதன்முறையாகக் கவுண்டி சாம்பியன்ஷிப்பை வென்றது. போர்ன்மத்தில் அவ்வெற்றியை உறுதிசெய்த இறுதி விக்கெட்டை வீழ்த்தியவர், அப்போது ஐம்பது வயதை எட்டியிருந்த கிளே.