தோட்டக்காரர் முகத்தில் பீறிட்ட தண்ணீர்

1895 டிசம்பர் 28 அன்று பாரிஸ் நகரில் லூமியர் சகோதரர்கள் கட்டணம் பெற்றுக் காட்டிய பத்துக் குறும்படங்களுள் ஒன்று, உலகின் முதல் நகைச்சுவைப் படமாகக் கருதப்படுகிறது. ஒரு நிமிடம்கூட ஓடாத ஊமைப்படம் அது. தோட்டக்காரர் ஒருவர் குழாயால் நீர் பாய்ச்சுகிறார். பின்னால் வந்த சிறுவன் குழாயை மிதிக்க, நீர் நின்றுவிடுகிறது. அவர் குழாயின் வாயை உற்றுப் பார்க்கும்போது சிறுவன் காலை எடுக்கிறான். முகமெல்லாம் தண்ணீர்! பிறகு துரத்தலும் அடியும். தோட்டக்காரராகத் தோன்றியவர் லூமியர் வீட்டுத் தோட்டக்காரரே.

யாழ்ப்பாணத்தவருக்கு இதனை விளக்க வேண்டியதில்லை. துலா மிதித்து நீர் இறைத்த காலத்தில், வாய்க்காலை மண்கட்டியால் மறித்துவிட்டு ஓடிய பொடியன்களும், மண்வெட்டியோடு துரத்திய அப்புமாரும் எங்கள் தோட்டங்களிலும் இருந்தனர்.

ஆயினும் எமது திரை நகைச்சுவை காதுவழியே வளர்ந்தது. எஸ். ராம்தாஸ் எழுதிப் புகழ்பெற்ற வானொலி நாடகமே 1976இல் ‘கோமாளிகள்’ என்ற திரைப்படமாயிற்று. யாழ்ப்பாணத் தமிழும், முஸ்லிம் மக்களின் தமிழும், சிங்களவர் பேசும் தமிழும் ஒன்றோடொன்று மோதியதில் பிறந்த சிரிப்பு அது.

லூமியரின் படத்தை 130 ஆண்டுகள் கடந்து இன்றும் பார்க்கலாம். இலங்கைத் தமிழ்ப் படச் சுருள்கள் பலவோ 1983 ஜூலை வன்செயலில் எரிந்துபோயின. புலம்பெயர்ந்தபோது பெட்டிக்குள் வைத்து எடுத்துச் சென்ற பழைய வீடியோ நாடாவோ ஒலிநாடாவோ உங்களிடம் இருக்கக்கூடும். அதை எறிந்துவிடாதீர்கள், நாங்கள் எதற்குச் சிரித்தோம் என்பதற்கு அதுவும் ஒரு சான்று.