உபசாரமும் அதிகாரமும்: ‘ஒரு குற்றத்தின் கதை’ (1901)

பாதே நிறுவனத்துக்காகப் பெர்டினாண்ட் செக்கா 1901இல் ஆக்கிய ‘ஒரு குற்றத்தின் கதை’ என்னும் பிரெஞ்சுத் திரைப்படம் ஏறத்தாழ ஐந்து நிமிடமே ஓடுவது. பாரிசின் கிரெவின் அருங்காட்சியகத்தில் மெழுகுப் பாவைகளாக நின்ற காட்சிகளைத் தழுவி, கொலை முதல் கில்லட்டின் வரை அது செல்கின்றது. உறங்கும் கைதியின் தலைக்கு மேல் அவனது கடந்தகாலம் கனவாகத் தோன்றும் உத்தியையே திரைப்பட வரலாற்றாசிரியர் பெரிதும் பேசுவர். ஆயின், அதனையடுத்து வரும் காட்சியே நம் கவனத்துக்குரியது.

அதிகாரிகள் அவனைத் துயிலெழுப்பி மரணத்துக்கு ஆயத்தம் செய்கின்றனர். கைகளைப் பிணித்து, சட்டைக் கழுத்தைக் கத்தரிக்கும் இச்சடங்குக்குப் பிரெஞ்சு வழக்கில் ‘ஒப்பனை’ என்றே பெயர். இறுதியாக ஒரு குவளை ரம்மும் சிகரெட்டும் அளிப்பதும் அம்மரபே. தனிமனிதன் கொன்றபோது உபசாரம் இல்லை. அரசு கொல்லும்போதோ ஒவ்வோர் அசைவிலும் மரியாதை!

நடிப்பாக இருந்தவரை இக்காட்சி பொறுக்கப்பட்டது போலும். 1909 ஜனவரி 11இல் பெத்தூனில் நால்வர் பகிரங்கமாகச் சிரச்சேதம் செய்யப்பட்டதும், அத்தகைய படங்களைக் காட்டுவதை உள்நாட்டு அமைச்சு தடைசெய்தது. பிரெஞ்சுத் திரைப்படத் தணிக்கையின் தொடக்கமாகக் கருதப்படுவது இத்தடையே. தெருவில் நின்றோர் காணலாம்; கொட்டகையில் இருந்தோர் காணலாகாது! 1939 ஜூன் 17இல் வெர்சாயில் வைட்மன் கொல்லப்பட்டமை படச்சுருளில் பதிவாயிற்று; ஒரு வாரத்துள் தண்டனையே சிறைமதிலுக்குள் மறைக்கப்பட்டது.

மரணதண்டனை அங்கு 1981இல் ஒழிந்தது. 1977 செப்டெம்பர் 10இல் மார்செயிற் சிறையில் இறுதியாகத் தலைவெட்டப்பட்டவருக்கும் சிகரெட்டும் ரம்மும் வழங்கப்பட்டதாக, உடனிருந்த பெண் நீதிபதியின் குறிப்பு கூறுகின்றது.