மிளகுத்தண்ணியில் விழுந்த தக்காளி



வழக்கமாக உரம், நாற்றங்கால், பூச்சிமருந்து என்று பேசுகிற நான் இன்றைக்கு ஒரு ரசத்தைப் பற்றிப் பேசப் போகிறேன். "வேளாண்மை ஆபீசருக்கு அடுப்படியில் என்னய்யா வேலை?" என்று கேட்கிறீர்களா? காரணம் இருக்கிறது. கொஞ்சம் பொறுமையாகக் கேளுங்கள்.

இருபது வருஷத்துக்கு முன்பு, நான் இந்த வேலைக்கு வந்த புதிது. ஒரு ஊரில் நாற்பது பேரைக் கூட்டி வைத்து, "கிணற்றுத் தண்ணீர் இருக்கிறவர்கள் தக்காளி போடுங்கள், கையில் காசு புரளும்" என்று சொன்னேன். தக்காளி போடச் சொன்னது தப்பில்லை. எல்லாரையும் ஒரே மாதத்தில் நடச் சொன்னேனே, அதுதான் தப்பு. எல்லார் தோட்டத்திலும் ஒரே சமயத்தில் பழுத்தது. பெட்டிக்குக் கிடைத்த காசு பறிப்புக் கூலிக்கும் வண்டி வாடகைக்கும் கட்டவில்லை. பாதிப் பேர் பழத்தை ரோட்டோரம் கொட்டிவிட்டுப் போய்விட்டார்கள்.

மறுநாள் அந்த ஊருக்குப் போனேன். யாரும் என்னைத் திட்டவில்லை. திட்டியிருந்தால்கூடத் தேவலை என்று இருந்தது. ஒரு பாட்டி மட்டும் திண்ணையில் உட்கார வைத்து, ஒரு டம்ளர் தக்காளி ரசம் கொண்டு வந்து கொடுத்தார். வீட்டில் புளி தீர்ந்துவிட்டதாம். எலுமிச்சம்பழம் பிழிந்து, கொத்தமல்லி கிள்ளிப் போட்டிருந்தார். "குடிங்க தம்பி. வித்தாத்தான் காசு. வீட்டுக்குள்ள வந்தா சோறு" என்றார்.

அந்தப் பாட்டி சொன்ன சொல்லுக்குப் பின்னால் ஒரு பெரிய சரித்திரமே இருக்கிறது. அதைத்தான் இன்றைக்குச் சொல்லப் போகிறேன்.

தக்காளி நம் நாட்டுச் செடி இல்லை. இதன் பூர்வீகம் தென் அமெரிக்காவில் பெரு, ஈக்வடார் பக்கத்து மலைச்சரிவுகள். அங்கே காட்டில் சுண்டைக்காய் அளவில் காய்த்துக் கிடந்த பழத்தை, வடக்கே மெக்சிகோ தேசத்து உழவர்கள் தலைமுறை தலைமுறையாகப் பொறுக்கி விதைத்துப் பெரிய பழமாக ஆக்கினார்கள். 'தொமாத்ல்' என்பது அவர்கள் பாஷைச் சொல். நாம் டொமேட்டோ என்கிறோமே, அதற்கு மூலம் அதுதான். மிளகாயும் அதே பக்கத்துச் செடிதான். இரண்டையும் சேர்த்து அரைத்துச் சாப்பிடுவது அங்கே பழைய வழக்கம்.

1521-இல் ஸ்பெயின்காரர்கள் மெக்சிகோவைப் பிடித்தார்கள். அவர்கள் கப்பலில் தக்காளி ஐரோப்பாவுக்குப் போனது. 1544-இல் இத்தாலி நாட்டு வைத்தியர் மத்தியோலி இதைப் பற்றி எழுதினார். இத்தாலிக்காரர்கள் 'தங்க ஆப்பிள்' என்று பேர் வைத்தார்கள். பேர்தான் தங்கம், தின்பதற்குப் பயம்! இது கத்தரிக் குடும்பத்துச் செடி. அந்தக் குடும்பத்தில் ஊமத்தை போன்ற விஷச் செடிகளும் உண்டு. இலையைக் கசக்கினால் ஒரு நெடி வேறு. அதனால் பல சீமான்கள் அழகுக்காகத் தோட்டத்தில் வளர்த்ததோடு சரி. தக்காளி சேர்த்த சமையல் குறிப்பு ஒன்றை நேப்பிள்ஸ் நகரத்தில் அந்தோனியோ லத்தீனி என்ற சமையல் மேலாளர் தம் புத்தகத்தில் அச்சிட்டது 1690-களில்தான். மத்தியோலி எழுதியதிலிருந்து கணக்குப் போட்டால் நூற்றைம்பது வருஷம்! ஒரு பழம் தோட்டத்திலிருந்து அடுப்படிக்கு வர இத்தனை காலம் பிடித்திருக்கிறது.

நம் கதை என்ன? பெருங்கடல் தாண்டி வந்த பல செடிகளைப் போலத் தக்காளியும் ஐரோப்பியர் கப்பல்கள் வழியாக நம் நாட்டுக்கு வந்தது. மிளகாயை நம்மவர்கள் சீக்கிரமே ஏற்றுக்கொண்டார்கள். மிளகுக்குப் பதிலாகக் காரம் கொடுத்தது, கொல்லையில் காய்த்தது, செலவில்லை. தக்காளிக்கு அந்த அதிர்ஷ்டம் இல்லை. புளிப்புக்கு நம்மிடம் புளி இருந்தது, எலுமிச்சை இருந்தது, மாங்காய் இருந்தது, மோர் இருந்தது. இன்னொரு புளிப்பு எதற்கு? வங்காளத்தில் இதைச் 'சீமைக் கத்தரி' என்றார்கள். நம் பக்கத்தில் 'சீமைத் தக்காளி' என்றார்கள். தக்காளி என்ற சொல் நம்மிடம் முன்பே உண்டு. மணத்தக்காளி நம் வேலியோரச் செடிதானே? அதன் உறவுக்காரன் என்று கண்டுபிடித்து, அந்தப் பேரையே இதற்கும் வைத்தார்கள். படிக்காதவர்கள் செய்த தாவரவியல் என்று இதைத்தான் சொல்வேன். மணத்தக்காளி, கத்தரி, தக்காளி மூன்றும் ஒரே குடும்பம்தான் என்று விஞ்ஞானமும் சொல்கிறது.

சுமார் 130 வருஷத்துக்கு முன்பு, இந்தியாவின் விளைபொருள்களைப் பற்றி ஜார்ஜ் வாட் என்ற வெள்ளைக்காரர் ஒரு பெரிய அகராதியே தொகுத்தார். தக்காளி முக்கியமாக ஐரோப்பியருக்காகத்தான் பயிராகிறது, உள்ளூர் ஜனங்கள் இப்போதுதான் அதை விரும்பத் தொடங்கியிருக்கிறார்கள் என்பது அவர் எழுதியதன் சாரம். அதாவது உங்கள் கொள்ளுத் தாத்தாவின் அப்பா காலத்தில் இது துரைமார் வீட்டுக் காய்.

அப்படியானால் அதற்கு முன்பு ரசம் இல்லையா? இருந்தது, ஐயா. மிளகுத்தண்ணி இருந்தது. மிளகு நம் மேற்குத் தொடர்ச்சி மலையில் பிறந்த கொடி. சங்க காலத்துத் தமிழில் 'கறி' என்றாலே மிளகுதான். பெரும்பாணாற்றுப்படையில் மாதுளங்காயோடு மிளகும் கறிவேப்பிலையும் சேர்த்துச் சமைத்த பக்குவம் வருகிறது. மிளகைத் தட்டி, புளித்தண்ணீரில் போட்டுக் கொதிக்க வைத்து, சோற்றில் ஊற்றிச் சாப்பிட்டார்கள் நம் முன்னோர்கள்.

சென்னைப் பட்டணத்தில் இருந்த வெள்ளைக்காரர்கள் இந்த மிளகுத்தண்ணியைக் குடித்துப் பார்த்துச் சொக்கிப் போனார்கள். 'மல்லிகட்டானி' என்று அவர்கள் வாயில் புகுந்து புறப்பட்டது. ஹைதர் அலியிடம் சிறைப்பட்ட ஒரு வெள்ளைக்காரர் பாடியதாக 1784-இல் வெளியான பாட்டிலேயே இந்தப் பேர் இருக்கிறது. சென்னையில் வேலை பார்த்த வெள்ளைக்கார அதிகாரிகளுக்கே இதைச் சுருக்கி 'மல்' என்று பட்டப்பேர் விழுந்தது! அவர்கள் அதில் கறியைப் போட்டார்கள், வெங்காயத்தைப் போட்டார்கள், சீமைக்குக் கொண்டுபோய் சூப் என்று விற்றார்கள். நம் மிளகுத்தண்ணி கப்பலேறி அங்கே போயிற்று. அவர்கள் கொண்டுவந்த தக்காளி இங்கே நம் மிளகுத்தண்ணியில் விழுந்தது. நல்ல கொடுக்கல் வாங்கல்தான்!

இப்போது பாட்டி கொடுத்த டம்ளரைப் பாருங்கள். தக்காளி தென் அமெரிக்கா. மிளகு நம் மலை. கறிவேப்பிலை நம் மண். எலுமிச்சைக் குடும்பத்தின் பூர்வீகம் இமயமலை அடிவாரம், அஸ்ஸாம், பர்மா பக்கம். பெருங்காயம் ஈரான், ஆப்கானிஸ்தான். கொத்தமல்லி மத்தியதரைக் கடல் பக்கத்துச் செடி. மூவாயிரம் வருஷத்துக்கு மேற்பட்ட எகிப்து மன்னன் துட்டன்காமன் கல்லறையை 1922-இல் திறந்தபோது அதற்குள் மல்லி விதை இருந்தது. இத்தனை ஊர்க்காரர்களையும் ஒரு சட்டியில் ஒற்றுமையாக உட்கார வைத்தது யார்? ராஜாவா, வியாபாரியா? இல்லை. பேர் தெரியாத நம் வீட்டுப் பெண்கள்தான்.

இதில் விஞ்ஞானமும் இருக்கிறது. 1784-லேயே, கார்ல் ஷீலே என்ற ரசாயன விஞ்ஞானி எலுமிச்சைச் சாற்றிலிருந்து சிட்ரிக் அமிலத்தைத் தனியாகப் பிரித்தார். தக்காளியின் முக்கியமான புளிப்பும் அதே சிட்ரிக் அமிலம்தான். ஆகவே இரண்டும் சண்டை போடாது. தக்காளிக்குச் சிவப்பு நிறம் கொடுக்கும் லைக்கோபீன் என்ற சத்து, பழத்தை வேகவைத்துக் கொஞ்சம் நெய்யோ எண்ணெயோ சேர்த்தால் உடம்பில் நன்றாக ஒட்டும். எலுமிச்சையில் உள்ள வைட்டமின் சி அதற்கு நேர்மாறு, கொதித்தால் அழிந்துவிடும். எனவே தக்காளி அடுப்பில் வேகட்டும். எலுமிச்சை இறக்கிய பிறகு வரட்டும். பாட்டிக்கு லைக்கோபீன் தெரியாது. ஆனால் பக்குவம் தெரிந்திருந்தது.

பக்குவத்தையும் சொல்லிவிடுகிறேன், தாய்மார்கள் என்னைத் திருத்தலாம். நாலு பேருக்குக் கால் கிலோ நன்றாகப் பழுத்த நாட்டுத் தக்காளி. கையால் பிசைந்து, மூன்று டம்ளர் தண்ணீர், உப்பு, மஞ்சள்தூள், மல்லித் தண்டு சேர்த்து அடுப்பில் வையுங்கள். பச்சை வாடை போனதும் ஒரு ஸ்பூன் மிளகு, ஒரு ஸ்பூன் சீரகம், நாலு பல் பூண்டு தட்டிப் போடுங்கள். நுரை கட்டி வரும்போது இறக்கிவிடுங்கள்; தளதளவென்று கொதிக்க விட்டால் மணம் போய்விடும். நெய்யில் கடுகு, கறிவேப்பிலை, பெருங்காயம் தாளித்துக் கொட்டி, மல்லித்தழையைக் கிள்ளிப் போட்டு, கொஞ்சம் சூடு தணிந்த பிறகு அரை மூடி எலுமிச்சை பிழியுங்கள். புளியே வேண்டாம்.

"ரசம் வைத்தால் என் பத்துப் பெட்டித் தக்காளி தீர்ந்துவிடுமா?" என்று நீங்கள் கேட்பது எனக்குப் புரிகிறது. தீராது. 2023 ஜூலையில் தக்காளி கிலோ நூறு ரூபாயைத் தாண்டியது. சென்னையில் ரேஷன் கடைகளில் 60 ரூபாய்க்கு அரசு விற்றது. அதற்குப் பிறகு இரண்டு மாதத்துக்குள் விலை தலைகீழாக விழுந்தது. விலை ஏறியபோது எல்லாரும் நட்டதும் அதற்கு ஒரு காரணம். நான் இருபது வருஷத்துக்கு முன்பு செய்த அதே தப்பு!

ஆகவே மூன்று விஷயங்கள் சொல்லி முடிக்கிறேன். ஒன்று, ஒரே நாளில் நடாதீர்கள். அரை ஏக்கர் போடுகிறவர் அதை மூன்றாகப் பிரித்து, இருபது நாள் இடைவெளி விட்டு நடுங்கள். அக்கம்பக்கத்தாரோடும் கலந்து பேசுங்கள். இரண்டு, விலை விழுந்த வாரத்தில் பழத்தைக் கொட்டாதீர்கள். பாதியாக அறுத்து, உப்புத் தடவி, மெல்லிய துணி மூடி நல்ல வெயிலில் ஒடிகிற பதத்துக்குக் காய வையுங்கள். தக்காளியில் நூற்றுக்கு 94 பங்கு வரை தண்ணீர்தான். பதினைந்து கிலோ பெட்டி காய்ந்தால் ஒரு கிலோ சொச்சம் வற்றல் நிற்கும். ஈரம் படாமல் ஜாடியில் வைத்தால் விலை ஏறுகிற காலத்தில் ரசத்துக்கு ஆயிற்று. மூன்று, விற்பனைக்கு எந்த ஒட்டுரகம் போட்டாலும் சரி, வீட்டுக்கென்று வரப்போரம் பத்து நாட்டுச் செடி வையுங்கள். தூரத்து மார்க்கெட்டுக்குப் போவதற்காகத் தோல் கெட்டியாக்கிய பழம் ரசத்துக்கு அவ்வளவு எடுக்காது.

அந்த ஊர் என்னவாயிற்று என்று கேட்பீர்கள். அடுத்த போகத்தில் அவர்களே மூன்று கோஷ்டியாகப் பிரிந்து நட்டார்கள். என்னைக் கேட்கவில்லை; கேட்காததும் நல்லதுதான். பாட்டி இப்போது இல்லை. அந்த வீட்டுக் கொல்லையில் கிணற்றடியோரம் இன்றைக்கும் நாலு தக்காளிச் செடி தானாக முளைத்துக் காய்க்கிறது. பக்கத்தில் ஒரு எலுமிச்சை மரமும் நிற்கிறது. அந்த வழியாகப் போனால் உள்ளே கூப்பிட்டு ஒரு டம்ளர் ரசம் தருகிறார்கள்.

சந்தைக்கு மட்டும் போகிற பயிர் நம் வீட்டுக்கு விருந்தாளி. அடுப்படிக்குள் வந்துவிட்டால்தான் அது சொந்தம். தக்காளியை நம் பாட்டிமார்கள் சொந்தமாக்கிக் கொடுத்துவிட்டுப் போயிருக்கிறார்கள். ரோட்டில் கொட்டும் முன் ஒரு நிமிஷம் அதை நினைத்துக்கொள்ளுங்கள்.