ஒரு கரண்டி கள்

2020 மார்ச்சில் நடமாட்டக் கட்டுப்பாடு வந்தபோது மலேசியக் கடைகளில் தட்டுப்பாடான பொருள்களில் ஈஸ்ட்டும் ஒன்று. கிடைக்காதவர்கள் கோதுமை மாவையும் தண்ணீரையும் ஒரு போத்தலில் கலந்து புளிக்க வைத்தார்கள். தினமும் அதற்குத் தீனி போட்டார்கள், பெயர்கூட வைத்தார்கள், படமெடுத்துப் போட்டார்கள். சாவர்டோ என்ற சொல் நம்மில் பலருடைய வீட்டுக்குள் நுழைந்தது அப்படித்தான்.

அம்மாக்கள் அந்தப் போத்தலைப் பார்த்துவிட்டு, “இது புளிச்ச மாவுதானே, இதுக்கா இவ்ளோ ஆர்ப்பாட்டம்?” என்று கேட்டார்கள். கேள்வி நியாயமானது. இட்லி மாவு தினமும் பொங்குகிற வீட்டில் இது ஒன்றும் புது வித்தை இல்லை. ஆனால் அந்தக் கேள்வியிலும் ஒரு பாதி விடுபட்டிருக்கிறது. தோட்டத்தில் அந்த அம்மாக்களுடைய அம்மாக்கள் ஆப்ப மாவைப் பொங்க வைத்தது வேறொன்றால். அதை வீட்டில் யாரும் சத்தமாகச் சொல்வதில்லை.

விடுபட்ட அந்தப் பாதியைப் பற்றித்தான் எழுத நினைக்கிறேன். இங்கிலிஷ் மஃபினில் தொடங்கி, மதராஸ் வழியாக, கோல சிலாங்கூர் தோட்டத்துக் கள்ளுக்கடைக்குப் போக வேண்டியிருக்கிறது. கொஞ்சம் சுற்றுவழிதான்.

முதலில் மஃபின். காகிதக் கிண்ணத்தில் வேகும் இனிப்பு மஃபின் இல்லை இது. உள்ளங்கை அகலத்தில், இரண்டு விரல் தடிமனில், தட்டையாக இருக்கும் ரொட்டி. ஓவன் தேவையில்லை, தோசைக்கல் போதும். புளித்த மாவு 100 கிராம், கோதுமை மாவு 300 கிராம், பால் 200 கிராம், உப்பு 6 கிராம், கொஞ்சம் சீனி. பிசைந்து மூடி வைக்க வேண்டும். குளிர்நாட்டுப் புத்தகங்கள் இரவு முழுக்க வைக்கச் சொல்லும். நம் ஊரில் ராத்திரியிலும் 27, 28 பாகை வெப்பம். நாலைந்து மணி நேரத்திலேயே மாவு பொங்கிவிடும். விட்டால் புளித்துப்போய் கொழகொழவென்று ஆகிவிடும். அதனால் பொங்கியதும் குளிர்பெட்டிக்குள் வைத்துவிட்டு, காலையில் எடுத்து எட்டு உருண்டையாக்கி, தட்டி, ரவை தூவி, ஒரு மணி நேரம் விட்டு, சின்னத் தீயில் பக்கத்துக்கு ஏழெட்டு நிமிடம் சுட வேண்டும். அவ்வளவுதான் வேலை. வெந்ததைக் கத்தியால் வெட்டக் கூடாது. ஓரத்தைச் சுற்றி முள்கரண்டியால் குத்தி, கையால் பிளந்தால்தான் உள்ளே இருக்கும் துளைகள் அமுங்காமல் இருக்கும், வெண்ணெயும் உள்ளே இறங்கும்.

கத்தி படக் கூடாது என்ற விதி பழையது. 1747இல் லண்டனில் வெளிவந்த ஹானா கிளாஸின் சமையல் புத்தகத்திலேயே இருக்கிறது. கையால் பிளந்தால் தேனடை போல இருக்கும், கத்தி பட்டால் கனத்துப்போகும் என்கிறார் அவர். இங்கிலாந்தில் இதற்குப் பெயர் வெறும் மஃபின்தான். அங்கிருந்து 1874இல் நியூயார்க் போன சாமுவேல் பாத் தாமஸ் 1880இல் ரொட்டிக்கடை போட்டார். ‘இங்கிலிஷ்’ என்ற அடைமொழி ஒட்டிக்கொண்டது அமெரிக்காவில்தான். ஊரை விட்டுப் போன பிறகுதான் ஊர்ப்பெயர் ஒட்டும் என்பது நமக்குத் தெரியாததா?

கிளாஸின் மஃபினைப் பொங்க வைத்தது எது என்பதுதான் இங்கே முக்கியம். பீர் வடிக்கும்போது மேலே திரளும் நுரை. அந்தக் காலத்தில் ஈஸ்ட் பொட்டலத்தில் வரவில்லை. அது உயிருள்ள பொருள் என்பதே சரியாக நிலைநாட்டப்படவில்லை. லூயி பாஸ்டர் அதைக் காட்டியது 1850களின் கடைசியில். அதுவரை ரொட்டி சுடுகிறவர் பீர் வடிக்கிற இடத்திலிருந்து நுரையை வாங்கி வந்தார். ஒரே நுண்ணுயிர், ஒரு பக்கம் குடி, மறுபக்கம் சாப்பாடு.

சரி, பீர் வடிக்காத ஊருக்குப் போன வெள்ளைக்காரர் என்ன செய்தார்? கள்ளை எடுத்துக்கொண்டார். கோவாவில் போர்த்துக்கீசியர் பழக்கிவிட்ட ரொட்டி தென்னங்கள்ளில்தான் பொங்கியது. 1886இல் வெளிவந்த ஹாப்சன்-ஜாப்சன் அகராதி, இந்தியாவில் ரொட்டிக்கு ஈஸ்ட்டாகப் பொதுவாகப் பயன்படுவது கள்தான் என்று பதிவு செய்கிறது. மதராஸில் இருந்த ராணுவ அதிகாரி கென்னி-ஹெர்பர்ட் ‘வைவர்ன்’ என்ற புனைபெயரில் 1878இல் ஒரு சமையல் புத்தகம் எழுதினார். அவருக்குப் பிடித்தது டின்னில் வரும் பேக்கிங் பவுடர். அந்தப் புத்தகத்தில் சமையற்காரருக்கு ஒரே பெயர்தான்: ராமசாமி. ஆள் யாராக இருந்தாலும் ராமசாமி. மலாயாத் தோட்டங்களிலும் துரைமார்கள் தமிழ்த் தொழிலாளியை ராமசாமி என்றே அழைத்தார்கள் என்பது நாம் அறிந்ததுதான். குசினியிலும் சரி, பால்காட்டிலும் சரி, வேலையை நன்றாகத் தெரிந்தவனுக்குச் சொந்தப் பெயர் கிடையாது.

கள் எப்படி மாவைப் பொங்க வைக்கிறது? பாளையைச் சீவிக் கலயம் கட்டினால் இனிப்பான சாறு வடியும். அது வடியத் தொடங்கும்போதே புளிக்கவும் தொடங்கிவிடுகிறது. காற்றிலும் பாளையிலும் இருக்கும் ஈஸ்ட் ஒரு காரணம். நேற்றைய மண்டி ஒட்டியிருக்கும் அதே கலயத்தை மறுபடி கட்டுவது இன்னொரு காரணம். ஒரு பொறியாளனாகப் பார்த்தால், அந்தக் கலயம்தான் ஸ்டார்ட்டர். கலயத்தின் உள்ளே சுண்ணாம்பு தடவினால் புளிப்பு நின்று பதநீர் ஆகிறது. தடவாவிட்டால் சில மணி நேரத்தில் கள், மறுநாள் காடி. ஈஸ்ட் வாயுவையும் சாராயத்தையும் தருகிறது. கூடவே இருக்கும் பாக்டீரியாக்கள் புளிப்பைத் தருகின்றன. சாவர்டோ போத்தலுக்குள் நடப்பதும் இதே கூட்டணிதான். ஆப்ப மாவில் ஒரு கரண்டி கள் ஊற்றும் வழக்கம் தமிழ்நாடு, கேரளம், இலங்கை எங்கும் இருந்தது. கப்பலேறியவர்கள் அதைக் கரையில் விட்டுவிட்டு வரவில்லை.

அவர்கள் வந்து இறங்கிய இடங்களில் ஒன்று வட சிலாங்கூர். ஜெராம், புக்கிட் ரோத்தான், ஈஜோக், பத்தாங் பெர்ஜுந்தை. கடலோரமாக சபாக் பெர்ணம் வரைக்கும் தென்னை, உள்ளே ரப்பர். பத்தாங் பெர்ஜுந்தை பக்கத்தில் ஒரு தோட்டத்தின் பெயர் தென்னமரம். ஆங்கிலப் பதிவுகளிலும் அதே பெயர்தான், எழுத்துக்கூட்டல் மட்டும் கொஞ்சம் மாறும். தமிழ் தெரிந்தவனுக்கு விளக்கம் தேவையில்லை. இந்தத் தென்னமரம் தோட்டத்தில்தான் 1917இல் நாட்டின் முதல் வணிகச் செம்பனைப் பயிர் நடப்பட்டது. நட்டவர் ஆன்ரி ஃபோக்கோனியே என்ற பிரெஞ்சுக்காரர். பிறகு மலாயாத் தோட்ட வாழ்க்கையை வைத்து ‘மலேசீ’ என்ற நாவலை எழுதி, 1930இல் பிரான்சின் கொன்கூர் பரிசை வாங்கினார். தென்னையின் பெயரைச் சுமந்த மண்ணில் தொடங்கிய செம்பனை இன்று நாடு முழுக்க நிற்கிறது. மேற்கு ஆப்பிரிக்காவில் இதே செம்பனையிலிருந்து கள் இறக்குகிறார்கள். இங்கே அது எண்ணெய்க்கு மட்டும்.

தோட்டத்துக் கள்ளுக்கடை தற்செயலாக முளைத்தது இல்லை. உரிமம் பெற்று, நிர்வாகத்தின் கண்முன்னே நடந்தது. வெளியே போய்க் கண்டதைக் குடித்துவிட்டு மறுநாள் பிரட்டுக்கு வராமல் போவதைவிட, உள்ளேயே கள் குடித்துவிட்டு லயத்தில் படுப்பது தோட்டத்துக்கு வசதி. சம்பள நாளில் கையில் வாங்கிய காசின் ஒரு பகுதி அதே தோட்டத்துக்குள்ளேயே கரைந்தது. அதே கலயத்திலிருந்து ஒரு கரண்டி ஆப்ப மாவுக்கும் போனது. அடுப்படியில் மாவு பொங்கிய வீட்டிலேயே சம்பளம் வற்றியது.

இதனால்தான் கள்ளுக்கடையை மூடு என்ற குரல் வெறும் ஒழுக்கப் பிரச்சாரமாக இருக்கவில்லை. அது கூலிப் போராட்டத்தின் பகுதி. 1941இல் கிள்ளானில் தொடங்கிச் சிலாங்கூரின் மற்ற தோட்டங்களுக்கும் பரவிய வேலைநிறுத்தத்தின் கோரிக்கைகளைப் பாருங்கள். சீனத் தொழிலாளிக்குச் சமமான கூலி. பிள்ளைகளுக்குப் படிப்பு. பெண்களிடம் அத்துமீறுவது நிற்க வேண்டும். துரையைக் கண்டால் சைக்கிளை விட்டு இறங்க மாட்டோம். கள்ளுக்கடைகளை மூட வேண்டும். எல்லாம் ஒரே பட்டியலில். முன்னால் நின்ற கிள்ளான் வட்டார இந்தியர் சங்கத்து ஆர்.எச். நாதன் மே மாதம் கைது செய்யப்பட்டு இந்தியாவுக்கு நாடுகடத்தப்பட்டார். ராணுவம் இறங்கியது, துப்பாக்கிச் சூடு நடந்தது, உயிர்கள் போயின. போர் முடிந்த பிறகு கெடாவில் ஏ.எம். சாமியின் தொண்டர் படை கள்ளுக்கடைகளுக்கு முன்னால் மறியல் செய்தது. 1947இல் அங்கேயும் போலீசோடு மோதல், கைதுகள்.

தமிழ்நாட்டிலிருந்தும் இந்தக் குரலுக்கு வலு வந்தது. 1921 கள்ளுக்கடை மறியலின்போது பெரியார் தம் தோப்பிலிருந்த 500க்கும் மேற்பட்ட தென்னைகளை வெட்டிச் சாய்த்தார் என்பது பிரபலமான செய்தி. நாகம்மையாரும் கண்ணம்மாளும் ஈரோட்டில் மறியலுக்கு முன்னால் நின்றார்கள். 1929 டிசம்பரில் பெரியார் மலாயாவுக்கு வந்தார். சீர்திருத்தம் பேசியவர்களுக்கு இங்கே கள் என்றால் அவமானத்தின் அடையாளம். குடித்துவிட்டு லயத்தில் விழுந்து கிடக்கும் கூலி என்ற படம் துரைக்கும் பிடித்திருந்தது. அந்தப் படத்தைக் கிழிக்க நினைத்தவர்கள் கள்ளை முழுசாக வெறுத்தார்கள். அவர்களைக் குறை சொல்ல எனக்கு மனசு வரவில்லை. அந்த இடத்தில் நின்றிருந்தால் நானும் மறியலில்தான் நின்றிருப்பேன்.

ஆனால் அந்த வெறுப்பில் அடுப்படியும் சேர்ந்தே அழிந்தது. கடை போனதும், கடையோடு சம்பந்தப்பட்ட கரண்டியும் பேச்சிலிருந்து போனது. மிச்சத்தைக் காலம் பார்த்துக்கொண்டது. ரப்பர் போய்ச் செம்பனை வந்தது. தோட்டங்கள் கைமாறின, லயங்கள் இடிந்தன, ஜனம் பட்டணத்துக்கு நகர்ந்தது. பத்தாங் பெர்ஜுந்தைக்கு 2007இல் பெஸ்தாரி ஜெயா என்று பெயர் மாறியது. இன்று அங்கே பல்கலைக்கழக வளாகம் இருக்கிறது. குடி மட்டும் போகவில்லை. கள் இருந்த இடத்தில் மலிவான சம்சு வந்து உட்கார்ந்தது. ஆப்ப மாவில் கள் இருந்த இடத்தில் பொட்டல ஈஸ்ட்டும் சோடாவும் வந்தன.

அந்தச் சோடாவுக்குத் தமிழில் என்ன பெயர் என்று யோசித்துப் பாருங்கள். ஆப்பச் சோடா. மளிகைக் கடைப் பட்டியலில் நாம் சாதாரணமாக எழுதும் அந்தச் சொல்லிலேயே இடமாற்றத்தின் சுவடு இருக்கிறது. ஆப்பத்துக்குச் சோடா வருவதற்கு முன்னால் அந்த இடத்தில் எது இருந்தது என்ற கேள்வியைச் சொல் சுமந்துகொண்டே இருக்கிறது. நாம்தான் கேட்பதில்லை.

இன்றைக்குச் சாவர்டோ பேசுகிறவர்கள் இயற்கை, பாரம்பரியம், காட்டு ஈஸ்ட் என்றெல்லாம் சொல்கிறார்கள். நம்மவர்களும் அதைக் கேட்டுவிட்டு, “எங்க பாட்டிக்கு இதெல்லாம் எப்பவோ தெரியும்” என்று பெருமைப்படுகிறோம். பெருமை சரிதான். ஆனால் கள்ளை மறைத்துவிட்டுச் சொல்லும் பெருமை பாதிப் பொய். அதேபோல, தோட்ட வாழ்க்கையில் கள் என்றாலே சீரழிவு மட்டும்தான் என்று எழுதும்போது, அரிசி, வெப்பம், நேரம், புளிப்பு ஆகிய நான்கையும் தெர்மாமீட்டர் இல்லாமல் சமாளித்த பெண்களுடைய கைக்கணக்கு காணாமல் போகிறது. வேலைநிறுத்தத்தின் தேதி நமக்குத் தெரியும். கோரிக்கைப் பட்டியல் கிடைக்கிறது. ஆப்ப மாவின் அளவை யாரிடம் போய்த் தேடுவது? கள்ளுக்கடை மறியலை ஆதரித்த அதே வீட்டில் கள்ளூற்றிய ஆப்பமும் வெந்திருக்கலாம். இரண்டையும் ஒரே பக்கத்தில் எழுதத் தயங்குகிறவரை தோட்ட வரலாறு ஆண்களின் கதையாகவே இருக்கும்.

பீர் நுரையிலும் கள்ளிலும் பொட்டலத்திலும் முக்கியமாக வேலை செய்வது ஒரே இன ஈஸ்ட்தான். அதனால் கள் ஊற்றி மஃபின் சுடுவதில் அதிசயம் ஒன்றும் இல்லை. உரிமத்தோடு நடக்கும் கள்ளுக்கடைகள் நம் நாட்டில் இன்னும் சில இருக்கின்றன. குடிக்காதவரும் ஒரு போத்தல் வாங்கி மாவில் ஊற்றிப் பார்க்கலாம். அன்றன்றைக்கு இறக்கிய கள்ளாக இருக்க வேண்டும், பழசானால் காடிதான். ஆனால் அதைவிட அவசரமான வேலை ஒன்று இருக்கிறது. தோட்டத்து அடுப்படியில் நின்றவர்களில் இன்னும் நம்மோடு இருப்பவர்களுக்கு எண்பது வயதைத் தாண்டிவிட்டது. அடுத்த முறை பார்க்கப் போகும்போது போனில் பதிவை ஓடவிட்டுக் கேளுங்கள். ஒரு படி அரிசிக்கு எத்தனை கரண்டி? காலையில் இறக்கினதா, சாயங்காலம் இறக்கினதா? எத்தனை மணிக்கு ஊற்றி, எத்தனை மணிக்குச் சுட்டீங்க? யார் போய் வாங்கிட்டு வந்தா?

கடைசிக் கேள்விக்குக் கொஞ்சம் தயங்குவார்கள். காத்திருந்து கேளுங்கள்.