முடிச்சுப் போட்டு வைத்த சரித்திரம்

நடந்ததை எல்லாம் தனக்குள் பதிந்து வைத்துக்கொண்டு, நூறு வருடம் கழித்து வந்து கேட்பவனுக்கும் சொல்லும் துணி ஒன்று... மாயாஜாலக் கதை போல இருக்கிறதா? தென் அமெரிக்காவின் ஆண்டிஸ் மலைகளில் அப்படி ஒன்று நிஜமாகவே புழக்கத்தில் இருந்தது. மந்திரம் ஏதும் இல்லை. பருத்தி நூல், லாமா, அல்பாக்கா ரோமம், அவற்றில் போட்ட முடிச்சுகள், அவ்வளவுதான். பெயர் கிப்பு. கெச்சுவா மொழியில் 'முடிச்சு' என்றுதான் அதற்கு அர்த்தமே.

குஸ்கோவைத் தலைநகராக வைத்து ஆண்ட இன்கா பேரரசில் காகிதமும் கிடையாது, எழுத்தும் கிடையாது. ஆனால் எந்தக் கிடங்கில் எவ்வளவு சோளம், எந்த ஊரில் எத்தனை குடும்பம், யார் எத்தனை நாள் வேலைக்கு வரவேண்டும் என்ற கணக்கு மட்டும் பிசகாது. எல்லாம் கயிற்றில்! ஒரு தடித்த கயிறு, அதிலிருந்து தொங்கும் பல மெல்லிய கயிறுகள், அவற்றிலிருந்து பிரியும் கிளைக் கயிறுகள். இதைக் கட்டவும் படிக்கவும் தெரிந்தவர்களுக்கு கிப்புகமயோக் என்று பெயர். நம் பாட்டிமார் மறக்காமலிருக்க முந்தானையில் போட்டு வைக்கும் முடிச்சை ஒரு அரசாங்கமே கையில் எடுத்துக்கொண்டால் எப்படி இருக்கும்? அப்படி!

கிப்புவில் எண்களை எப்படிக் குறித்தார்கள் என்பதை 1912ல் விளக்கியவர் லேலண்ட் லாக் என்ற அமெரிக்கர். நாம் பயன்படுத்தும் அதே பத்தின் மடங்குக் கணக்குதான். உதாரணமாக 352 என்றால், தடித்த கயிற்றுக்கு அருகே மூன்று முடிச்சு, சற்று இடைவெளி விட்டு ஐந்து முடிச்சு, கீழே இரண்டு சுற்றுச் சுற்றிய ஒரு நீள முடிச்சு. பூஜ்யம் வந்தால் அந்த இடம் காலி. ஒன்று என்ற எண்ணுக்கு மட்டும் 8 வடிவ முடிச்சு. ஒரே சுற்றுச் சுற்றினால் அது சாதாரண முடிச்சாகி, பத்தா, நூறா என்று குழப்பிவிடும் அல்லவா? சில கிப்புகளில் மேல்நோக்கி இருக்கும் ஒரு கயிற்றில் மற்ற கயிறுகளின் கூட்டுத்தொகை கூட இருக்கிறது.

சரி, 352 என்ன? லாமாவா, மூட்டையா, மனிதர்களா? இங்கேதான் எல்லாரும் முட்டிக்கொண்டு நிற்கிறார்கள். நிறத்திலும், நூலை முறுக்கிய திசையிலும் அந்த விடை இருக்கலாம் என்பது ஆய்வாளர்களின் ஊகம்.

1532ல் பிஸாரோ கஹமார்க்காவில் இன்கா மன்னன் அடாஹுவால்பாவைச் சிறைபிடித்தார். ஹௌஹா பள்ளத்தாக்கு மக்களுக்கு ஏற்கெனவே இன்காக்கள் மேல் கோபம். அதனால் ஸ்பானியர் பக்கம் சேர்ந்து உணவு, துணிமணி, விறகு, ஆட்கள் என்று அள்ளிக் கொடுத்தார்கள். கொடுத்ததை எல்லாம் முடிச்சும் போட்டு வைத்தார்கள். 1561ல் அந்தத் தலைவர்கள் லிமா நீதிமன்றத்துக்கு கிப்புகளோடு போனார்கள். பல வருடக் கணக்கு அவற்றிலிருந்து வரிசையாக வாசிக்கப்பட, எழுத்தர் ஸ்பானிய மொழியில் எழுதிக்கொண்டார். அதில் தாங்களாகக் கொடுத்தது தனி, சிப்பாய்கள் கொள்ளையடித்தது தனி! எழுதத் தெரியாதவர்கள்தானே என்று எண்ணி எடுத்துக்கொண்டு போனவர்கள் அன்று என்ன நினைத்திருப்பார்களோ!

இப்படிச் சாட்சியாக ஏற்றுக்கொள்ளப்பட்ட அதே கிப்புவை, 1583ல் லிமாவில் கூடிய மூன்றாம் திருச்சபை மாநாடு மூடநம்பிக்கைப் பொருள் என்று சொல்லி எரிக்க உத்தரவிட்டது. ஹௌஹாவின் எழுத்துப்படி இன்றும் இருக்கிறது. அதற்கு மூலமான கயிறுகள் இதுவரை கிடைக்கவில்லை. இரண்டும் பக்கத்தில் பக்கத்தில் இருந்திருந்தால் பாதிப் புதிர் தீர்ந்திருக்கும்.

அதற்கு ஓரளவு அருகில் வந்தவர் ஒரு கல்லூரி மாணவர். ஹார்வர்டில் முதல் வருடம் படித்துக்கொண்டிருந்த மேனி மெட்ரானோ, 2016 வசந்த விடுமுறையில், பெருவின் சாண்டா பள்ளத்தாக்கைச் சேர்ந்த ஆறு கிப்புகளை எடுத்துக்கொண்டு உட்கார்ந்தார். அதே பகுதியில் 1670ல் ஸ்பானியர் எடுத்த வரிக் கணக்கில் 132 பேர். கிப்புகளிலோ கிட்டத்தட்ட அதே எண்ணிக்கையில் கயிற்றுக் கொத்துகள்! முதல் கயிறு முன்பக்கமாகக் கட்டப்பட்டிருக்கிறதா, பின்பக்கமாகவா என்பது அந்த ஆள் ஊரின் எந்தப் பிரிவைச் சேர்ந்தவர் என்பதைக் காட்டுவதாக இருக்கலாம் என்று அவரும் பேராசிரியர் கேரி அர்ட்டனும் 2018ல் கட்டுரை வெளியிட்டார்கள்.

உலகில் மிஞ்சியிருப்பவை ஆயிரத்துச் சொச்சம் கிப்புகள். பெரும்பாலானவை வெளிநாட்டு மியூசியங்களில், கண்ணாடிக்குப் பின்னால். பெருவின் கொயாட்டா கிராமத்தார் மட்டும் இரண்டு கிப்புகளை ஒரு மரப்பெட்டியில் பூட்டி, தலைமுறை தலைமுறையாக ரகசியமாகக் காத்து வந்தார்கள். அவை எண்கள் அல்ல, போர்க்காலத்தில் தலைவர்கள் எழுதிய கடிதங்கள் என்பது ஊரார் வாக்கு. அவற்றைப் பார்க்க அனுமதி பெற்ற சபைன் ஹைலண்ட் என்ற மானிடவியலாளர் 2017ல் எழுதிய கட்டுரையில், அவற்றில் 95 வகைக் குறியீடுகள் இருப்பதாகச் சொன்னார். லாமா, அல்பாக்கா, விக்குன்யா, மான் என்று ஒவ்வொரு விலங்கின் ரோமத்துக்கும் தனிப் பொருள் உண்டாம். எது எந்த ரோமம் என்று கண்ணால் மட்டும் பார்த்துச் சொல்வது கஷ்டம், விரலால் தடவிப் பார்க்கவேண்டும் என்று அவருக்குச் சொல்லிக் கொடுத்தவர்கள் அந்த ஊர்க்காரர்கள்தான்.