டென் இயர்ஸ் ஆஃப்டர்: பத்து நிமிடக் காட்சியும் பத்தாண்டு மேடையும்

நிகழ்த்துகலையின் வரலாற்றை எழுதுவோர்க்கு ஓர் இடர் உண்டு. நிகழ்ச்சி முடிந்ததும் கலை மறைந்துவிடுகிறது. எஞ்சுவது பதிவு மட்டுமே. பதிவான ஒரு நிகழ்ச்சி, பதிவாகாத பலவற்றுக்குச் சான்றாக நின்று, நாளடைவில் அவற்றை மறைத்தும் விடுகிறது. டென் இயர்ஸ் ஆஃப்டர் என்னும் பிரித்தானிய ப்ளூஸ்-ராக் குழுவுக்கு நேர்ந்ததும் இதுவே.

நாட்டிங்ஹாம் வட்டாரத்தில் உருவான இக்குழு, முதலில் ஜேபேர்ட்ஸ் என்ற பெயரில் இயங்கியது. 1962இல் ஹாம்பர்க்கின் ஸ்டார் கிளப்பில் வாசித்தது. கிதாரும் பாட்டும் ஆல்வின் லீ, பேஸ் கிதார் லியோ லயன்ஸ். டிரம்ஸ் கலைஞர் ரிக் லீயும் ஆர்கன் கலைஞர் சிக் சர்ச்சிலும் பின்னர் இணைந்தனர். 1966இல் குழுவின் பெயர் மாறியது. எல்விஸ் பிரெஸ்லி பெரும்புகழ் எய்திய 1956ஐ நினைவூட்டும் பெயர் அது என்பர் ஒரு சாரார். சூயஸ் நெருக்கடி பற்றிய நூலொன்றின் விளம்பரத்தில் லயன்ஸ் கண்டெடுத்தது என்பர் மறுசாரார். இரு விளக்கங்களும் சுட்டும் ஆண்டு ஒன்றே.

1968இல் வெளிவந்த இரண்டாவது இசைத்தட்டையே இவர்கள் நேரடி நிகழ்ச்சியாகப் பதிவுசெய்தனர். இலண்டனில் ஒரு மதுக்கடையின் மாடியில் நடந்துவந்த க்ளூக்ஸ் க்ளீக் என்னும் சிறு மன்றமே களம். 'அன்டெட்' எனப்பட்ட அத்தட்டில், வுடி ஹெர்மனின் ஜாஸ் உருப்படியும் 'ஐம் கோயிங் ஹோம்' பாடலும் அடுத்தடுத்து நிற்கத்தக்கவையாக ஒலித்தன. ப்ளூஸும் ஜாஸும் கலந்த ஒரு பயிற்சியே இக்குழுவின் அடித்தளம் என்பதற்கு அது சான்று.

1969 ஆகஸ்ட் 17. வுட்ஸ்டாக் விழாவில், புயல்மழை ஓய்ந்த பின், ஏறத்தாழ நான்கு இலட்சம் பேர் முன்னிலையில் அதே பாடலை வாசித்தனர். விழா முடிந்ததும் அவர்கள் நிலை உடனே மாறிவிடவில்லை. 1970இல் மைக்கேல் வாட்லியின் ஆவணப்படம் திரைக்கு வந்த பின்னரே மாறியது. ஏறத்தாழப் பத்து நிமிடக் காட்சியில் ஒளிப்படக்கருவி பெரிதும் ஆல்வின் லீயின் முகத்தையும் விரல்களையுமே தொடர்ந்தது. நால்வரின் குழு மக்கள் நினைவில் ஒருவரின் வேகமாகச் சுருங்கியது. நடன மண்டபங்களில் அமைதியாகக் கேட்டிருந்தவர்களின் இடத்தில், பெரிய விளையாட்டு அரங்குகளில் அப்பாடலையே கேட்டுக் கூச்சலிடும் கூட்டம் வந்தது. இம்மாற்றம் குறித்த மனக்குறையை ஆல்வின் லீ பிற்காலத்தில் வெளிப்படையாகவே பேசியிருக்கிறார்.

ஏழாண்டுகளில் 28 முறை அமெரிக்கச் சுற்றுப்பயணம் மேற்கொண்டதாகக் கணக்கிடப்படும் இக்குழு, 1970களின் நடுப்பகுதியில் கலைந்தது. மீண்டும் கூடியது 1988இல். 2013இல் ஆல்வின் லீ மறைந்தபோது இரங்கல் குறிப்புகளிலும் வுட்ஸ்டாக்கே முன்னின்றது.

எனினும் 1973இன் 'ரிக்கார்டட் லைவ்' தொகுப்பிலும் அதே பாடல் உண்டு. சிறு மன்றம், திறந்தவெளி, ஐரோப்பிய அரங்கு ஆகிய மூன்று இடங்களின் பதிவுகளையும் வரிசையாகக் கேட்போர்க்கு ஒன்று விளங்கும்: வுட்ஸ்டாக்கில் வெளிப்பட்டது ஒருநாள் அற்புதம் அன்று, ஒவ்வோர் இரவும் வாசித்துப் பழகிய கைகளின் வழக்கமான வேலை. திரைப்படம் அதற்குப் புகழைத் தந்தது. அதன் முன்னும் பின்னும் இருந்த உழைப்பை மீட்டெடுப்பது வரலாற்று மாணவரின் பணி.