குடும்ப வழக்குகளில் பிணை: இந்தியச் சட்டம் கடந்து வந்த பாதை

பிணை (ஜாமீன்) என்பது, குற்றம் சாட்டப்பட்டவர் விசாரணைக்குத் தவறாமல் வருவார் என்ற உறுதியின் பேரில் அவரைக் காவலில் வைக்காமல் விடுவதாகும். அது தீர்ப்பும் அன்று, மன்னிப்பும் அன்று. ஆனால் கணவன் மனைவி பிணக்கு காவல் நிலையம் வரை வந்துவிட்டால், பிணை கிடைத்ததை வெற்றியாகவும் மறுக்கப்பட்டதைத் தோல்வியாகவும் இரு வீட்டாரும் எண்ணிக்கொள்கின்றனர். இந்த எண்ணம் எப்படி வளர்ந்தது, நீதிமன்றங்கள் அதை எப்படித் திருத்த முயன்றன என்பதே இக்கட்டுரை.

498ஏ பிரிவின் தோற்றம்

1961ஆம் ஆண்டின் வரதட்சணைத் தடைச் சட்டம், வரதட்சணை கொடுப்பதையும் வாங்குவதையும் குற்றமாக்கியது. ஆயினும் கொடுமை நிற்கவில்லை. 1970களின் இறுதியில், ‘அடுப்பு வெடித்த விபத்து’ என்று பதிவான இளம் மனைவியரின் சாவுகளுக்கு நீதி கேட்டு டெல்லியில் பெண்கள் அமைப்புகள் போராடின. 1983இல் இந்திய தண்டனைச் சட்டத்தில் 498ஏ பிரிவு சேர்ந்தது. மனைவியைக் கொடுமை செய்யும் கணவனுக்கும் அவன் உறவினர்க்கும் மூன்று ஆண்டு வரை சிறையும் அபராதமும் விதிக்கலாம். பிடியாணை இன்றிக் கைது செய்யலாம். பிணையை உரிமையாகக் கேட்க முடியாது. நீதிமன்றமே முடிவு செய்யும்.

முன்பிணை

கைதுக்கு முன்பே பெறும் முன்பிணை 1898ஆம் ஆண்டுச் சட்டத்தில் இல்லை. சட்ட ஆணையம் 1969இல் பரிந்துரைத்தபின், 1973ஆம் ஆண்டு குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 438ஆவது பிரிவாக அது வந்தது. குடும்ப வழக்குகளில் கணவனோடு அவன் பெற்றோர், மணமாகிச் சென்ற சகோதரி ஆகியோர் பெயர்களும் புகாரில் இடம்பெறுவதால், பலரும் இப்பிரிவையே நாடினர்.

2014ஆம் ஆண்டுத் தீர்ப்பு

அர்னேஷ் குமார் எதிர் பீகார் அரசு வழக்கில் 2014 ஜூலை 2 அன்று உச்ச நீதிமன்றம் சில புள்ளிவிவரங்களைச் சுட்டியது. 2012இல் இப்பிரிவின் கீழ்க் கைதானவர்கள் 1,97,762 பேர். குற்றப்பத்திரிகை தாக்கலான விகிதம் 93.6 விழுக்காடு, தண்டனை பெற்ற விகிதமோ 15 விழுக்காடு மட்டுமே. படுத்த படுக்கையான தாத்தா பாட்டியரும் கைதாவதை நீதிமன்றம் கண்டித்தது. ஏழு ஆண்டு வரை தண்டனை உள்ள குற்றங்களில் புகார் வந்தவுடன் கைது செய்யலாகாது. கைதுக்கான காரணத்தைக் காவலர் எழுத வேண்டும். நடுவர் அதை ஆராய்ந்தே காவலில் வைக்க அனுமதிக்க வேண்டும் என ஆணையிட்டது.

இங்கே மாணவர்கள் ஒன்றைக் கவனிக்க வேண்டும். தண்டனை குறைவு என்பதால் புகார்கள் எல்லாம் பொய் என்றாகாது. நான்கு சுவர்களுக்குள் நடந்ததற்குச் சாட்சி கிடைப்பது அரிது. பல வழக்குகள் சமரசத்திலும் முடிகின்றன.

தராசின் ஊசலாட்டம்

2017இல் இரு நீதிபதிகள் அமர்வு, புகார்களைக் குடும்ப நலக் குழுக்கள் ஆராய்ந்த பின்பே கைது பற்றி முடிவெடுக்க வேண்டும் என்றது. சட்டத்தில் இல்லாத குழுவுக்கு இந்த அதிகாரம் தர இயலாது என்று 2018இல் மூவர் அமர்வு அதை நீக்கியது. பின்னர், இரண்டு மாத இடைவெளியும் குடும்ப நலக் குழுவும் கொண்ட அலகாபாத் உயர் நீதிமன்றத்தின் 2022ஆம் ஆண்டு நெறிமுறைகள் தொடரலாம் என 2025இல் உச்ச நீதிமன்றம் கூறியது.

நிபந்தனைகளின் எல்லை

மாதம் 12,500 ரூபாய் பராமரிப்புத் தொகை செலுத்த வேண்டும் என்று முன்பிணைக்கு விதிக்கப்பட்ட நிபந்தனையை 2009இல் உச்ச நீதிமன்றம் நீக்கியது. பராமரிப்புத் தொகை கேட்கத் தனி வழி உண்டு. பிணை மனுவை அதற்குரிய இடமாக்கக் கூடாது என்பதே இதிலிருந்து நாம் அறிவது.

2024 ஜூலை 1 முதல் 498ஏ, பாரதிய நியாய சன்ஹிதாவின் 85, 86 பிரிவுகளாகவும், முன்பிணை, பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 482ஆவது பிரிவாகவும் மாறியுள்ளன. எண்கள் மாறினாலும் கேள்விகள் மாறவில்லை: இவர் தப்பி ஓடுவாரா? சாட்சியைக் கலைப்பாரா? புகார் தந்த பெண்ணை மிரட்டுவாரா? பிணையில் வந்தவர் மிரட்டினால் அதை ரத்து செய்யக் கோரலாம். 2005ஆம் ஆண்டின் குடும்ப வன்முறைச் சட்டத்தின் கீழ் அப்பெண் பாதுகாப்பு ஆணையும் பெறலாம். பிணை கிடைத்த நாளில் வழக்கு முடிவதில்லை. யார் பக்கம் உண்மை என்ற விசாரணை அதன் பிறகே நடக்கிறது.